மண் தாழும் இடம்

கக்கூசுக் கிடங்கு வெட்டப்போன அன்றுதான் வழக்குத் தொடங்கியது.

எங்களுக்கு வீட்டுத் திட்டம் ஊரில் எல்லோருக்கும் பிறகு, கடைசியாகத்தான் வந்தது. வீடு தந்தவர்கள் மலசலகூடமும் கட்டித் தருவோம், கிடங்கை, குழியை மட்டும் நீங்கள் வெட்டுங்கள் என்றார்கள். எங்கள் ஊர் முரசுமோட்டை மண் கோடையில் இறுகிப்போய்க் கிடக்கும். மண்வெட்டியைப் போட்டால் கைதான் அதிரும். என் வளவில் ஓர் இடம் மட்டும் மெத்தென்று இருந்தது. அது செல்லடிக்குப் பதுங்க நான் வெட்டிய பழைய பங்கர் இருந்த இடம். சண்டை முடிந்து முகாமிலிருந்து திரும்பி வந்தபோது ஊரில் எல்லோரும் அவரவர் பங்கரை மூடினோம். மூடச் சொன்னார்கள், மூடினோம். குனிந்து உள்ளே பார்க்க ஒருவனுக்கும் மனமில்லை. என்ன கிடக்குமோ, எது வெடிக்குமோ. உடைந்த ஓடு, கருகிய மரம், காய்ந்த வடலி ஓலை என்று கையில் அகப்பட்டதையெல்லாம் உள்ளே தள்ளி மேலே மண்ணைக் கொட்டினோம். பிறகு கக்கூசு கட்டும் காலம் வந்ததும் பலபேர் அதே இடத்தைத்தான் தோண்டினார்கள். ஒருமுறை வெட்டிய மண்ணைத் திரும்ப வெட்டுவது சுகம். ஒருவனுக்கும் ஒன்றும் வெடிக்கவில்லை. அதனால் நானும் துணிந்தேன்.

மண்வெட்டியை இரண்டு மூன்று தரம்தான் போட்டிருப்பேன். பக்கத்து வளவிலிருந்து யோகலிங்கம் ஓடிவந்தான். அவிழ்ந்த சாரத்தை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, வேலிப் பொட்டுக்குள்ளால் நுழைந்து, முதுகில் முள்ளுக் கிழித்ததுகூடத் தெரியாமல் ஓடிவந்தான்.

"முத்தண்ணை, வெட்டாதேங்கோ! உதில வெட்டாதேங்கோ!"

"ஏன் தம்பி? உம்மட கிணறு அங்கால எல்லோ கிடக்கு?"

"இது எங்கட காணி. ஐயான்ர உறுதியில இருக்கிற காணி. நான் சொல்லுறன், உதில ஒருத்தரும் மண்வெட்டி போடக்கூடாது."

பகிடி விடுகிறான் என்றுதான் நினைத்தேன். அவன் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. அவனுடைய உதடு நடுங்கிக்கொண்டிருந்தது. காணி பிடிக்க வருகிறவனுக்கு உதடு ஏன் நடுங்க வேண்டும் என்று அப்போது நான் யோசிக்கவில்லை. எனக்கு என் பயமே போதுமாக இருந்தது.

அவன் சொன்னதில் ஒரு பாதி உண்மை. காணியின் உறுதிப் பத்திரம் அவனுடைய தகப்பன் பெயரில்தான் இருந்தது. எழுபத்தேழாம் ஆண்டுக் கலவரத்தில் மலைநாட்டிலிருந்து அடித்துத் துரத்தப்பட்டு, உடுத்த துணியோடு இங்கே வந்து இறங்கியவன் நான். அந்த மனுசனுக்குக் காடு வெட்டினேன், வரம்பு கட்டினேன், தண்ணீர் பாய்ச்சினேன். ஒருநாள் அவர் சுருட்டைப் பற்றவைத்துக்கொண்டு, "டேய் முத்து, உந்த மூலையில ஒரு கொட்டிலைப் போட்டுக்கொண்டு இரு. அது உனக்கு" என்றார். அவர் சொன்னார், நான் இருந்தேன். அமராவதியைக் கட்டி அங்கேதான் கூட்டிவந்தேன். பிள்ளைகள் அங்கேதான் பிறந்தார்கள். ஒரு கடுதாசியும் இல்லை. கிழவனும் செத்துப்போனார். அந்தச் சொல்லைப் பக்கத்தில் நின்று கேட்டவர்களில், யோகலிங்கத்தைத் தவிர, பாதிப்பேர் செத்துவிட்டார்கள், மிச்சப்பேர் கனடாவில்.

யோகலிங்கம் நீதிமன்றத்தில் போட்ட வழக்கு இதுதான்: முத்துலிங்கம் என்கிற நான் சண்டைக்கு முந்தி அந்தக் காணியில் இருந்ததே இல்லை, மீள்குடியேற்றத்தில் வந்தபோது, காவலுக்கு இருக்கட்டும் என்று அவன் விட்டானாம், இப்போது எழும்பமாட்டேன் என்கிறேனாம்.

அந்தக் கடுதாசியைக் கொண்டுவந்து தந்தவன் வாசித்துச் சொன்னதும், இன்னொருமுறை வாசிக்கச் சொன்னேன். தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்தவனுக்கு இந்தப் பயத்தை விளக்கிச் சொல்லத் தேவையில்லை. லயத்தில் சுவரும் உன்னுடையதில்லை, வாசலும் உன்னுடையதில்லை. துரை போ என்றால் சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியதுதான். என் அப்பனை அப்படிப் போகச் சொன்னதைக் கண்டவன் நான். சாகிற வயதில் எனக்கும் அந்தச் சொல் வந்து சேர்ந்துவிட்டது. இந்த மூலை போனால் எங்களுக்கு வேறு மூலை இல்லை.

கிளிநொச்சியில் ராஜினி என்று ஒரு வழக்கறிஞர் பிள்ளை எங்களுக்குப் பேச வந்தது. கெட்டிக்காரப் பிள்ளை என்றார்கள். எனக்கு நம்பிக்கையில்லை. எங்களுக்காகப் பேசுகிறவர்கள் பேசிவிட்டு வீட்டுக்குப் போவார்கள். எழும்பிப் போகப்போகிறது நாங்கள்தானே.

"ஐயா, உறுதியை விடுங்கோ," என்றது அந்தப் பிள்ளை. "சண்டைக்கு முந்தி வருசக்கணக்கா நீங்கள்தான் அதில குடியிருந்தனீங்கள் எண்டு காட்டினாக் காணும். அதுக்கு என்ன அடையாளம் கிடக்கு?"

"என்ன கிடக்கும் பிள்ளை? வீடு எரிஞ்சு போச்சு. தென்னை ரெண்டும் செல்லில தலை போய்ப் பட்டது."

"கிணறு?"

"அவையின்ர கிணத்திலதான் அள்ளினனாங்கள்."

"யோசிச்சுப் பாருங்கோ. உங்கட கையால செய்தது, இப்பவும் நிலத்தில இருக்கிறது, ஏதாவது?"

யோசித்தபோது நினைவுக்கு வந்தது ஒன்றுதான். அதைச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. ஆனால் அமராவதி பக்கத்தில் இருந்தாள். நாற்பது வருடம் வன்னியில் இருந்தும் மலைநாட்டுப் பேச்சு அவளுக்கு மாறவில்லை.

"பங்கரு இருக்குதுங்கம்மா," என்றாள். "உள்ள எம் பித்தளை அண்டா கெடக்குது. எங்க அம்மா குடுத்த சீரு. எம் பேரும், கல்யாணம் கட்டுன வருசமும் அதுல புள்ளி புள்ளியா வெட்டியிருக்கும். ஓடுறப்ப தூக்க முடியலன்னு இவருதான் உள்ள வெச்சாரு. திரும்பி வந்து, எடுக்காமலே மண்ணப் போட்டு மூடிட்டாரு."

அந்தப் பிள்ளை கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தது. "அமராவதி எண்டு பேர் வெட்டின அண்டா? உந்த நிலத்துக்குள்ளயோ? அம்மா, இதைவிடப் பெரிய சாட்சி என்ன வேணும்?"

"அதத்தாம்மா நானும் சொல்றேன். தோண்டுங்கன்னா இந்த மனுசன் கேக்க மாட்டேங்குறாரு."

வெளியே வந்ததும் அவளைத் திட்டினேன். "உன்ர வாய் அண்டாவைவிடப் பெரிசு."

"அண்டாவக் கண்டா வாய மூடிக்கிறேன்," என்றாள்.

அவளுக்கு என்ன தெரியும்? கக்கூசுக்குத் தோண்டுவது வேறு. அப்போது நானும் மண்வெட்டியும் மட்டும்தான். ஏதாவது கிளம்பினால் மண்ணைத் தள்ளி மூடிவிட்டு வேறிடம் பார்க்கலாம். இது நீதிமன்றம் தோண்டுவது. நில அளவையாளர் வருவார், கிராம அலுவலர் விதானையார் வருவார், பொலிஸ் வரும். அவர்கள் முன்னால் அந்தக் கிடங்கிலிருந்து கிளம்புவதெல்லாம் என் பெயரில் கிளம்பும். முதலாவது, கூரைக்கு நான் போட்டது மாங்குளப் பக்கம் கழற்றிக் கிடந்த ரயில் தண்டவாளம். அந்தக் காலத்தில் வன்னியில் பாதி பங்கர்களின் கூரை தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும்தான். இருந்தாலும் அரசாங்கச் சாமான். இரண்டாவது, நாங்கள் ஓடிப்போன பிறகு அந்தப் பங்கருக்குள் யார் வந்து இருந்தார்கள், எதை வைத்துவிட்டுப் போனார்கள் என்று எனக்கு எப்படித் தெரியும்? ஒரு குண்டுப் பெட்டி கிளம்பினால் போதும். காணியைச் சுற்றி நாடா கட்டிவிடுவார்கள். "இது யாருடைய பங்கர்?" என்று கேட்பார்கள். என்னுடையது என்று நிரூபிக்கத்தானே தோண்டினேன்? இல்லை என்று எப்படிச் சொல்வது?

அந்தப் பிள்ளைக்கு இதைச் சொன்னேன். "ஐயா, நீங்கள் தேவையில்லாமல் பயப்பிடுறியள்," என்றது. பயப்படாதே என்று எனக்குச் சொன்னவர்கள் யாரும் என்னோடு பங்கருக்குள் இருந்ததில்லை.

தோண்டிப் பார்க்க நீதிமன்றம் நாள் குறித்தது. அதற்கு முந்தின பின்னேரம் வாய்க்காலடியில் மாடு கட்டப் போனேன். யோகலிங்கம் எனக்காகக் காத்து நின்றான். வழக்கு வந்த நாளிலிருந்து நாங்கள் முகம் பார்த்துக் கதைத்ததில்லை. ஆள் நன்றாக மெலிந்திருந்தான்.

"முத்தண்ணை, நாளைக்கு வேண்டாமெண்டு சொல்லுங்கோ."

"பயமாக் கிடக்கோ? அண்டா வந்திடும் எண்டு?"

"அண்டா வரட்டும், போகட்டும். தோண்ட வேண்டாம்."

"அப்ப வழக்கைத் திருப்பி எடும்."

அவன் வாய்க்கால் தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"எடுக்கமாட்டீர். எடுத்தா நான் கிடங்கு வெட்டிப்போடுவன் எண்டு பயம். காணி ஆருக்கு வேணும்? கொழும்பில இருக்கிற உம்மட தமையனுக்கோ? உம்மட ஐயா எனக்குத் தந்தது. நீர் அப்ப களிசான் போட்டுக்கொண்டு திரிஞ்சனீர், பக்கத்தில நிண்டு கேட்டனீர்."

"கேட்டனான்," என்றான். "கேக்கேல்லை எண்டு நான் எப்ப சொன்னனான்?"

"கோட்டு வழக்கில சொல்லியிருக்கிறீர்!"

"முத்தண்ணை, தோண்டினா உங்களுக்கும் நல்லதில்லை, எனக்கும் நல்லதில்லை. இவ்வளவுதான் என்னால சொல்ல ஏலும்."

அவன் போய்விட்டான். அது மிரட்டல் என்றுதான் நான் எடுத்தேன். யாரிடமோ போய் ஏதோ சொல்லி வைத்திருக்கிறான், நாளைக்குப் பொலிஸ் வந்து நேரே ஏதோ ஒன்றைக் கிளப்பிக் காட்டப்போகிறது என்று நினைத்தேன். மாட்டைக் கட்டினேனா இல்லையா என்பதுகூட நினைவில்லாமல் வீட்டுக்கு வந்தேன். அமராவதி புளி போட்டு அண்டா விளக்குவதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள்.

மறுநாள் காலையே வந்துவிட்டார்கள். அளவையாளர் ஜனார்த்தனன் கண்ணாடி போட்ட, சிரிக்காத மனுசன். நாடாவைப் பிடித்து வளவை அளந்தார், முளை அடித்தார், எழுதினார். விதானையார் குடையோடு நிழலில் நின்றார். ஒரு பொலிஸ்காரப் பெடியன், சிங்களவன், தமிழ் கொஞ்சம் தெரிந்தவன், வேலியில் சாய்ந்துகொண்டு போனைப் பார்த்தபடி நின்றான். தோண்டுவதற்கு கோகுலன் என்ற கூலியாளைக் கூட்டி வந்திருந்தார்கள்.

யோகலிங்கம் கொஞ்சம் தள்ளி, கையைக் கட்டிக்கொண்டு நின்றான். அவன் மனைவி பத்மாசனி வேலிக்கு அந்தப் பக்கம், வேலிக் கதியாலைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

பத்மாசனியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர்களுக்கு ஒரே பிள்ளை, பிரசாந்தன். இயக்கம் சண்டைக்கென்று வீட்டுக்கு ஒரு பிள்ளையைப் பிடித்த காலத்தில் அவனை அவர்கள் ஒளித்து ஒளித்து வைத்திருந்தார்கள். நாங்கள் மார்கழி மாதம் விசுவமடுப் பக்கம் ஓடினோம். அவர்கள் சில நாள் பிந்தித்தான் வந்தார்கள், பிள்ளை இல்லாமல் வந்தார்கள். கூட்டாளிமாரோடு முன்னால் ஓடிவிட்டான், வழியில் பிடிபட்டிருக்கலாம் என்று யோகலிங்கம் சொன்னான். அன்றிலிருந்து இன்றுவரை அவள் அவனைத் தேடுகிறாள். காணாமல் போனவர்களின் தாய்மார் கிளிநொச்சியில் போட்டிருக்கும் போராட்டக் கொட்டகைக்குப் பிள்ளையின் படத்தோடு போய் இருப்பாள். முகாம் முகாமாக அலைந்தாள். சாத்திரக்காரன் ஒருவன் பிள்ளை வடக்குத் திசையில் உயிரோடு இருக்கிறான் என்று சொன்னானாம். வீட்டில் அவனுக்கு இன்னும் ஒரு கோப்பை கவிழ்த்து வைத்திருக்கிறாள்.

கோகுலன் வெட்டத் தொடங்கினான். மேல்மண் போனதும் நான் தள்ளிய ஓட்டுத் துண்டுகள் வந்தன. கருகிய மரம் வந்தது. மண்வெட்டி இரும்பில் பட்டு ணங் என்றபோது நான் கண்ணை மூடிவிட்டேன். ஒன்றும் வெடிக்கவில்லை.

"தண்டவாளம்," என்றார் ஜனார்த்தனன்.

பொலிஸ்காரப் பெடியன் போனிலிருந்து தலையை நிமிர்த்தினான். கிட்ட வந்து பார்த்தான். "ஐயா, இது ரயில் சாமான் தானே?" என்றான்.

"எல்லாரும் போட்டவை, சேர்," என்றேன்.

"தம்பி, உதைப் பிடிச்சா ஊரில ஒருத்தரும் மிஞ்சமாட்டினம்," என்றார் விதானையார், குடைக்குள் நின்றபடி. "என்ர மாமனாரும் உள்ளுக்குப் போகவேணும்." பெடியன் சிரித்துவிட்டு ஒரு படம் எடுத்தான். அந்தப் படம் எங்கே போகுமோ என்று அவன் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"வாசல் எந்தப் பக்கம், ஐயா?" என்று ஜனார்த்தனன் கேட்டார்.

நான் காட்டினேன். கோகுலன் அந்தப் பக்கம் இறங்கி வெட்டினான். நான் வெட்டி வைத்த படி ஒன்று தெரிந்தது. அடுத்தது இடிந்திருந்தது. வாசலடியில் செல் விழுந்து மண் உள்ளே சரிந்திருந்தது. நாங்கள் ஓடும்போது அது சரிந்திருக்கவில்லை. அண்டா இன்னும் உள்ளே, மூலையில் இருக்க வேண்டும். "இன்னுங் கொஞ்சம், இன்னுங் கொஞ்சம்," என்று அமராவதி மேலே நின்று சொல்லிக்கொண்டிருந்தாள். நான் கிடங்கின் விளிம்பில், கோகுலனுக்குப் பக்கத்தில் இறங்கி நின்றேன்.

அப்போதுதான் அந்தச் செருப்பு வந்தது.

இறப்பர் செருப்பு. பெடியன்களின் கால் அளவு. வார் அறுந்து, மஞ்சள் கறண்டு வயரால் முடிந்திருந்தது. அந்த முடிச்சு போட்டதை நான் பார்த்திருக்கிறேன். என் வளவில், என் பலாமரத்தடியில் இருந்து, பல்லால் வயரை இழுத்து இழுத்துப் பிரசாந்தன் அதைக் கட்டினான். "புதுச் செருப்பு வேண்டித் தர அப்பாவுக்கு மனமில்லை, மாமா," என்று என்னிடம் சொல்லிச் சிரித்தான்.

அதற்குப் பின்னால், மண்ணுக்குள், வேர் மாதிரி ஒன்று வெளுப்பாகத் தெரிந்தது. அது வேர் இல்லை.

நான் நிமிர்ந்து யோகலிங்கத்தைப் பார்த்தேன். அவன் கிடங்கைப் பார்க்கவில்லை, என் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான். கட்டியிருந்த கை அவிழ்ந்து தொங்கியது. வாய்க்காலடியில் அவன் சொன்னது மிரட்டல் இல்லை என்று அந்த நிமிடத்தில் தெரிந்தது. வேலிக்கு அந்தப் பக்கம் பத்மாசனி எட்டிப் பார்த்தாள்.

கோகுலன் மண்ணை மேலே கொட்டிவிட்டுத் திரும்புமுன், நான் காலை எடுத்து அந்தச் செருப்பின் மேல் வைத்தேன்.

"காணும்," என்றேன். "நிப்பாட்டு, கோகுலன்."

"என்ன ஐயா?" என்றார் ஜனார்த்தனன்.

"காணும். தோண்ட வேண்டாம்."

"ஏங்க, ஒங்களுக்கு என்னா பைத்தியமா?" என்று அமராவதி கத்தினாள். "அண்டா அந்தா அந்த மூலையிலதான் கெடக்குது!"

"உங்கட லோயர் கேட்டுத்தானே நாங்கள் வந்தது," என்றார் ஜனார்த்தனன். "இதில நிப்பாட்டினா, வெறும் பங்கர், ஆரின்ர எண்டு சொல்ல அடையாளம் இல்லை எண்டுதான் நான் எழுதுவன். பேந்து வந்து அழக்கூடாது. விளங்குதோ?"

விளங்கியது. அப்படி எழுதினால் வீடு போகும். நானும் அமராவதியும் எங்கே போவோம் என்று எனக்குத் தெரியாது. நான் நல்ல மனம் கொண்டு அதைச் செய்தேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். எனக்குப் பயம். அந்த வெளுப்பு மேலே வந்தால் அந்தப் பெடியன் போனில் பேசுவான், ஜீப் வரும், நாடா கட்டுவார்கள். இது யாருடைய பங்கர், யார் மூடியது என்று கேட்பார்கள். பங்கர் என்னுடையது, மூடியதும் நான். அதைவிட, வேலியில் நிற்கிற பத்மாசனியின் வாயிலிருந்து வரப்போகிற சத்தத்துக்குப் பயம். காலை எடுக்க எனக்கு ஏலவில்லை. செருப்பு என் காலுக்குக் கீழே மெத்தென்று இருந்தது.

"எழுதுங்கோ, சேர்," என்றேன்.

ஜனார்த்தனன் பேனையை எடுத்தார்.

"பொறுங்கோ," என்றான் யோகலிங்கம்.

எல்லோரும் திரும்பிப் பார்த்தோம்.

"பங்கர் முத்தண்ணேன்ர. அவர்தான் வெட்டினவர். சண்டைக்கு எத்தினையோ வருசம் முந்தியே அவை இஞ்சதான் இருந்தவை. இந்த மூலையை ஐயா அவருக்குக் குடுத்தவர், நான் பக்கத்தில நிண்டனான். அப்படியே எழுதுங்கோ. நான் கோட்டிலயும் வந்து சொல்லுறன்."

விதானையார்தான் முதலில் வாய் திறந்தார். "அட கோதாரி. அப்ப என்னத்துக்கப்பா இவ்வளவு காலமும் எங்களை அலைச்சனீர்? உமக்கு வேற பொழுதுபோக்குக் கிடைக்கேல்லையோ?"

யோகலிங்கம் சொன்னதை ஜனார்த்தனன் எழுதி, அவனிடம் கையெழுத்து வாங்கினார். விதானையார் குடையை மடக்கிவிட்டுத் தாளைப் பிடித்துக்கொடுத்தார்.

கோகுலனிடமிருந்து நான் மண்வெட்டியைப் பறித்தேன். "நீ போ தம்பி, போய்த் தேத்தண்ணி குடி. நான் மூடுறன்." கால் எடுத்த இடத்தில் முதலில் மண்ணைத் தள்ளினேன்.

"ஏனப்பா நிப்பாட்டினனீங்கள்?" என்று வேலிக்கு அந்தப் பக்கம் பத்மாசனி கேட்பது கேட்டது. "அமராக்கான்ர அண்டா எண்டா அண்டா வந்திட்டுப் போகட்டுமே."

"வழக்கு எனக்குக் காணும். நீ வீட்டை போ," என்றான் யோகலிங்கம்.

அவள் போகவில்லை. நான் மூடி முடிக்கும்வரை நின்று பார்த்தாள்.

அந்தக் கிழமைக்குள் யோகலிங்கம் வாய்க்காலடிக்கு வந்தான். நான் ஒன்றும் கேட்கவில்லை. அவனாகவே சொன்னான், நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

"எங்கட பங்கரைத்தான் இயக்கக்காரர் வந்து வந்து தேடினவங்கள். நீங்கள் போனாப்பிறகு உங்கட பங்கர் சும்மா கிடந்தது. அதுக்குள்ள அவனை இருத்தினன். ரெண்டு நாள் பிள்ளை சத்தம் போடாம இருந்தான். செல் வாசலிலதான் விழுந்தது. நான் ஓடிவரேக்கை எல்லாம் முடிஞ்சுது. அவள் அப்ப மாடு அவிட்டுக்கொண்டு வரப் போனவள். அவளுக்கு என்னெண்டு சொல்லுறது? நாங்கள் உடன வெளிக்கிடவேணும். சொன்னா அவள் வரமாட்டாள், அதிலயே கிடந்து செத்துப்போவாள். முன்னால ஓடிட்டான் எண்டு சொன்னன். பேந்து முகாமில சொல்லுவம் எண்டு இருந்தன். அங்க அவள் ஒவ்வொரு பஸ்ஸாப் பாத்துக்கொண்டு நிண்டாள். அப்பவும் சொல்லேல்லை. இனி எப்பிடிச் சொல்லுறது, முத்தண்ணை?"

"நீர் என்னட்டை எண்டாலும் சொல்லியிருக்கலாமே. நான் கக்கூசு வெட்டப் போனன்."

"ஓம்," என்றான். "நீங்கள் கக்கூசு வெட்டப் போனியள்."

நான் உள்ளே தள்ளிய ஓடும் கரிமரமும் என் கண்ணுக்கு முன்னால் நின்றன. குனிந்து பார்க்காமல் தள்ளியவை.

வழக்கு முடிந்தது. யோகலிங்கம் நீதிமன்றத்தில் ஏறிச் சொன்னதை நீதிபதி எழுதிக்கொண்டார். மூலைக் காணி எனக்கென்று தீர்ந்தது. ராஜினிப் பிள்ளைக்கு ஒரே புளுகம், முகம் முழுக்கச் சிரிப்பு. "பாத்தீங்களோ ஐயா, தேவையில்லாமல் பயந்தீங்கள்," என்றது. நான் தலையை ஆட்டினேன். அளவையாளர் கீறிய படத்தில் என் வளவு முழுக்கக் கோடாக நிற்கிறது. அதன் ஒரு மூலையில் சின்னச் சதுரம் ஒன்று கீறி, மூடிய பங்கர் என்று எழுதியிருக்கிறது. அந்தப் படத்தை மடித்துப் பெட்டிக்கு அடியில் வைத்துவிட்டேன்.

கக்கூசை வளவின் மற்றப் பக்கத்தில் கட்டினோம். இறுகிய மண். வெட்டி முடிப்பதற்குள் என் முதுகு போய்விட்டது. அமராவதிக்கு ஒன்றும் விளங்கவில்லை. "காணி நம்மளுதுன்னு ஆயிருச்சுல்ல? இப்பயாவது எங் அண்டாவ எடுத்துக் குடுங்க," என்பாள். "எடுப்பம்," என்பேன். நான் இல்லாத நேரம் யாராவது கூலியைப் பிடித்துத் தோண்டிவிடுவாளோ என்று மாங்குளத்தில் மகள் வீட்டுக்குக்கூடப் போய்த் தங்குவதில்லை. காணி என்னை விட்டுப் போய்விடும் என்று பயந்து கிடந்தவன், இப்போது காணியை விட்டு நகரப் பயந்து கிடக்கிறேன்.

மாரி தொடங்கியது. கிளறிய மண் மழைக்கு நிற்காது. முதல் மழைக்கே அந்த இடம் ஒரு சாண் தாழ்ந்து, தண்ணீர் தேங்கி, நீளமாக ஒரு உருவமாகத் தெரிந்தது. யாரும் பார்க்குமுன் பனையோலைக் கடகத்தில் மண் எடுத்துக் கொட்டினேன். அடுத்த மழைக்குத் திரும்பவும் தாழ்ந்தது. திரும்பவும் கொட்டினேன். என் வளவில் எடுக்க மண் இல்லாமல் போய்விட்டது.

ஒரு காலை, மழை விட்ட கையோடு, கடகத்தோடு நிற்கிறேன். வேலிக்கு அந்தப் பக்கம் பத்மாசனி வெளிக்கிட்டு நின்றாள். கொட்டகைக்குப் போகிற நாள். சீலையின் மேல், நெஞ்சோடு அணைத்து, பொலித்தீன் சுற்றிய படம். அவள் எவ்வளவு நேரமாக அங்கே நிற்கிறாள் என்று தெரியவில்லை.

"முத்தண்ணை."

"என்ன தங்கச்சி?"

"உந்த இடம் இன்னும் தாழுதோ?"

நான் கடகத்தை நிலத்தில் வைத்தேன். "பழைய பங்கர்தானே. தாழும்."

அவள் அந்த இடத்தைப் பார்த்தாள். பிறகு என் காலைப் பார்த்தாள். அன்று செருப்பின் மேல் வைத்த அதே கால்.

"எங்கட மாட்டுக் கொட்டிலுக்குப் பின்னால நல்ல மண் குவிச்சுக் கிடக்கு," என்றாள். "வந்து எடுத்துப் போடுங்கோ. தாழ விடாதேங்கோ."

"ஓம் தங்கச்சி."

படத்தை இன்னும் கொஞ்சம் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, சேறு மிதிக்காமல் ஓரமாக நடந்து, பஸ் பிடிக்க றோட்டுக்குப் போனாள். அவளுக்குத் தெரியுமா, தெரியாதா? தெரிந்தால் ஏன் போகிறாள்? கூப்பிட்டுக் கேட்க எனக்குத் துணிவு வரவில்லை. பஸ் வந்து நின்று எடுத்துக்கொண்டு போகும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு கடகத்தைத் தூக்கிக்கொண்டு, வேலிப் பொட்டுக்குள்ளால் அவர்களுடைய மாட்டுக் கொட்டிலுக்குப் போனேன்.